பூஜ்யம் பிடித்த கை

இடம்: காவல் நிலைய முன்னறை. கிழமை: வெள்ளி. நேரம்: முற்பகல் பதினொன்றரை முதல். தானாக வந்து ஆஜரான பெண் ஊழியர் சொல்லச் சொல்ல நிலைய எழுத்தர் எழுதியது.

என்னை அலுவலகத்திலும் தெருவிலும் முள்ளக்கா என்று கூப்பிடுவார்கள். வகைமானியின் முள்ளைப் பார்த்துச் சொல்கிற வேலை என்பதால் வந்த பெயர். வயது நாற்பத்தாறு. தண்ணீர்த் தொட்டித் தெருவில் பதினேழாம் எண் வீட்டு மாடியில் குடியிருக்கிறேன். கீழ்வீட்டில் என் கூடப்பிறந்த தம்பியும் அவன் மனைவியும் இருக்கிறார்கள். எனக்குக் கல்யாணம் ஆகவில்லை. அது இந்த வழக்குக்குத் தேவையில்லை என்று எழுத்தரிடம் சொன்னேன், அதற்குள் அவர் எழுதிவிட்டார், இருக்கட்டும்.

அதிர்வு வகைமானி அலுவலகத்தில் பதினோரு வருடமாகக் கருவி இயக்குபவராக வேலை பார்க்கிறேன். கருவியைப் பெட்டி என்போம். தையல் மிஷின் மேஜை அளவுக்கு இருக்கும். மேலே ஒரு பித்தளைத் தட்டு, அதன்மேல் கறுப்புத் துணிக் கூடாரம், கூடாரத்தின் இரண்டு பக்கமும் கை நுழைக்க உறை. எதிரே கண்ணாடிக்குள் முள். பக்கத்தில் காகிதச் சுருள், அதில் ஒரு பேனா கோடு இழுக்கும். தட்டின்மேல் வைக்கப்படுவதன் அதிர்வை வைத்துப் பெட்டி அதைக் கீழிருந்து மேலாகப் பொருள், செடி, விலங்கு, ஆள் என்று நான்கில் ஒன்றாகச் சொல்லும். எப்படிச் சொல்கிறது என்று யாருக்கும் தெரியாது. உள்ளே முத்திரையிட்ட ஒரு குப்பி இருக்கிறது, அதைத் திறக்கக்கூடாது என்று உத்தரவு. பெட்டி தப்பாகச் சொல்லி நான் பார்த்ததில்லை. ஒருமுறை மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு எங்கள் குமாஸ்தா விளையாட்டாகக் கை வைத்தபோது செடி என்று வந்தது, அலுவலகத்தில் யாரும் மறுப்பு சொல்லவில்லை.

பெட்டியை இயக்குபவர் உறைக்குள் கைவிட்டு, வந்தவரின் மணிக்கட்டைப் பிடித்துத் தட்டில் அழுத்திக்கொண்டு நிற்க வேண்டும். அப்படி நின்றால் இயக்குபவரின் அதிர்வும் சேர்ந்து பதிவாகிவிடும். அதனால் தினமும் காலை எட்டரைக்கு, கதவு திறக்கும் முன்னால், அன்றைக்கு இயக்குபவர் தன் இடது கையைத் தட்டில் ஒரு நிமிடம் வைத்து, பக்கத்துத் திருகை முள் கீழே இறங்கும்வரை திருப்ப வேண்டும். இதைப் பூஜ்யம் பிடிப்பது என்போம். அதன் பிறகு அன்று முழுவதும் அந்தக் கை பெட்டிக்கு ஒன்றுமில்லை. பூஜ்யம் பிடித்தவர் தன் கையையே தட்டில் வைத்தாலும் பொருள் என்றுதான் வரும். இந்த வழக்கே இதில்தான் இருக்கிறது, ஆகையால் இன்ஸ்பெக்டர் கேட்டுக்கொண்டபடி இரண்டு தடவை சொன்னேன்.

எங்கள் அலுவலகத்தில் இயக்குபவர்கள் இரண்டு பேர். மற்றவர் ஐம்பத்தெட்டு வயதுக்காரர், எதற்கெடுத்தாலும் மெதுவா, மெதுவா என்பார், அதனால் அவருக்கு மெதுவா அண்ணன் என்று பெயர். செவ்வாய், வியாழன், சனி அவருடைய நாள். மற்றவை என்னுடையவை. அவருக்கு முழங்கால் வலி. அவருடைய நாட்களில் காலையில் அவர் பூஜ்யம் பிடித்து மதியம்வரை நிற்பார், அதன் பிறகு அவர் பிடித்த பூஜ்யத்திலேயே நான் நின்று முடித்துக் கொடுப்பேன். ஆள் மாறினால் மறுபடி பூஜ்யம் பிடிக்க வேண்டும் என்பது விதி. நாங்கள் பிடிப்பதில்லை. என் கை தட்டில் படாமல் மணிக்கட்டை மட்டும் பிடிப்பதால் ஒரு மயிரிழை வித்தியாசம்தான் வரும், அதைக் கோட்டில் பார்த்தே கழித்துவிடுவேன். இதில் மெதுவா அண்ணன் மேல் தப்பு ஒன்றும் இல்லை, அவரை இதில் இழுக்க வேண்டாம்.

என் தம்பிக்கு வயது முப்பத்தொன்பது. லிஃப்ட் பழுது பார்க்கிற வேலை. போன வருடக் கடைசியில் நான்காவது மாடியிலிருந்து லிஃப்ட் குழிக்குள் விழுந்தான். உயிர் தப்பியது. கண் பாதி திறந்திருக்கும், பேச்சு இல்லை, கைகால் அசைவு இல்லை, மூக்குக் குழாய் வழியாகத்தான் ஆகாரம். அசைவில்லாமல் கிடப்பவர்களை ஆறு மாதத்துக்கு ஒருமுறை பெட்டியில் வைத்துப் பார்க்க வேண்டும் என்பது சட்டம். ஆள் என்று வந்தால் வீட்டில் இருக்கலாம். விலங்கு அல்லது செடி என்று வந்தால் ஊருக்கு வெளியே காப்பகக் கொட்டகை, அங்கே மாதத்தில் ஒரு நாள் போய்ப் பார்க்கலாம், மேல்மனுவும் போடலாம். பொருள் என்று வந்தால் கிடங்கு. பதினைந்தாம் நாள் கிடங்கிலிருந்து லாரி போகும், எந்த ஊருக்கு என்று வெளியே சொல்வதில்லை. பொருளுக்கு மேல்மனு கிடையாது, ஏனென்றால் மனு போட ஆள் வேண்டும் என்று சட்டத்தில் எழுதியிருக்கிறது.

முதல் தடவை மெதுவா அண்ணன் நாளில் தம்பியைக் கொண்டுவந்தார்கள். அன்று முள் விலங்குக்கும் ஆளுக்கும் நடுவில் உள்ள கோட்டின் மேலேயே நின்றது. முப்பது நொடியும் அங்கேயே நின்றது. நான் பக்கத்தில் நின்று பார்த்துக்கொண்டிருந்தேன். வகைப்பாட்டு அதிகாரி, ஆறு மாதம் கழித்து மறுபரிசோதனை என்று எழுதினார். அன்று முதல் எனக்குச் சாப்பாடு சரியாக இறங்கவில்லை. தம்பி மனைவியிடம், எல்லாம் நல்லபடியாகத்தான் வந்தது என்று சொல்லிவிட்டேன். அவளும் நம்பிவிட்டாள், பெட்டி விஷயத்தில் நான் சொன்னால் அவளுக்கு வேறு பேச்சு இல்லை.

அதன் பிறகு நான் ஒரு முடிவுக்கு வந்தேன். கூடாரத்துக்குள் என்ன நடக்கிறது என்று வெளியே தெரியாது. தம்பி கையைத் தட்டிலிருந்து ஓரமாகத் தள்ளி, என் கையை வைத்துவிட்டால் ஆள் என்று வரும். அதற்கு மெதுவா அண்ணன் பூஜ்யம் பிடித்த நாளின் மதியம்தான் சரி. அதனால் போன வாரச் செவ்வாய்க்கிழமை மூன்று மணிக்கு என்று நேரம் கேட்டு வாங்கினேன். உறவினர் பெட்டியைத் தொடக்கூடாது என்று விதி இல்லை, கையெழுத்துப் போடக்கூடாது என்றுதான் இருக்கிறது, கையெழுத்துப் போடுவது அதிகாரி. வீட்டில் அரிசி டப்பா மூடிமேல் கை வைத்து நாலு நாள் பழகிப் பார்த்தேன். இந்த யோசனை என்னுடையது மட்டும். தம்பி மனைவிக்குத் தெரியாது.

செவ்வாய்க்கிழமை இரண்டு மணிக்கு வரவேண்டிய வண்டி வழியில் டயர் வெடித்து நின்றது. மாற்று டயர் இல்லை. வண்டிக்காரர் போன் செய்து, நாளைக்குக் கொண்டுவருவதாகச் சொன்னார். அதிகாரியும் சரி, நாளை காலை பத்து மணி என்று எழுதிக்கொண்டார். எனக்கும் நாளைதானே, ஓடியா போகப்போகிறது என்று இருந்தது. என் மனம் முழுவதும் டயரிலும் வண்டியிலும் அவனைத் தூக்கி இறக்குவதிலும் இருந்தது.

மறுநாள் புதன். என் நாள். எட்டரைக்கு அலுவலகம் போனேன், ஜன்னலைத் திறந்தேன், பெட்டியைத் துடைத்தேன், நாற்காலிகளை வரிசையாகப் போட்டேன், பூஜ்யம் பிடித்தேன். பதினோரு வருடம் செய்த வேலை. வீட்டைப் பூட்டிவிட்டுத் தெருமுனைக்கு வந்தபின், பூட்டினோமா என்று யோசிப்போமே, அந்த மாதிரி என் கை செய்தது, நான் செய்ததாக எனக்கே நினைவில்லை. வேறு யாராக இருந்தாலும் இந்தத் தப்பு வந்திருக்காது. அனுபவம் இல்லாதவள் பூஜ்யம் பிடிக்கும்போது யோசித்திருப்பாள்.

பத்து மணிக்குத் தம்பியைச் சக்கரக் கட்டிலில் கொண்டுவந்தார்கள். தம்பி மனைவி அவனுக்கு நீலச் சட்டை போட்டு, தலைவாரி, முகச்சவரம்கூடச் செய்துவிட்டிருந்தாள். அவளை வெளிப் பெஞ்சில் உட்காரச் சொன்னேன். உள்ளே அதிகாரி, நான், தம்பி மூன்று பேர் மட்டும். நான் அவன் வலது கையைக் கூடாரத்துக்குள் நுழைத்துத் தட்டில் வைத்தேன். அதன் பிறகு என் இரண்டு கைகளையும் உறைக்குள் விட்டேன். அதிகாரி தொடங்கலாம் என்றார். தொடங்கும் விசையை அவர்தான் அழுத்துவார், அழுத்திவிட்டார். அந்த நேரம் தம்பியின் ஆள்காட்டி விரல் என் சுண்டுவிரலைச் சுற்றிப் பிடித்திருந்தது. அப்படிப் பிடிப்பது வெறும் நரம்பு இழுப்பு, அதில் அர்த்தம் எதுவும் இல்லை என்று மருத்துவர் முன்பே சொல்லியிருந்தார். நான் அந்த விரலைப் பிரித்து விடுவித்தேன். அதற்குச் சில நொடி ஆனது. அதன் பிறகு அவன் கையைப் பக்கத்து மரச்சட்டத்தில் தள்ளி வைத்துவிட்டு, என் இடது கையைத் தட்டில் வைத்தேன். முப்பது நொடியும் நான் முள்ளைப் பார்க்கவில்லை. தரையைப் பார்த்துக்கொண்டிருந்தேன். தரையில் ஓடு ஒன்று பெயர்ந்திருந்தது.

மணி அடித்தது. அதிகாரி முள்ளைப் பார்த்துவிட்டு, கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுபடி பார்த்தார். பொருள் என்றார். கடைசி இருபது நொடியின் சராசரிதான் கணக்கு, அது சைபர். அந்த நொடியே எனக்குக் காலையில் பூஜ்யம் பிடித்தது ஞாபகத்துக்கு வந்துவிட்டது. அவன் மூச்சு விடுகிறானே என்று மட்டும் அதிகாரியிடம் சொன்னேன். அதற்கு அவர், "துருத்திகூடத்தான் மூச்சு விடுது. பெட்டி சொல்றதை எழுதத்தான் எனக்குச் சம்பளம்" என்றார். அவர் கெட்டவர் இல்லை. நான் வாயைத் திறந்து நடந்ததைச் சொல்லியிருந்தால் அந்த நிமிடமே எல்லாம் ரத்தாகியிருக்கும். சொல்லவில்லை. வேலை போய்விடும், ஜெயிலில் போட்டுவிடுவார்கள் என்ற பயம். காகிதச் சுருளைக் கிழித்து, அதைப் பார்க்காமலே மடித்துக் கோப்பில் வைத்தேன். தினமும் ஒவ்வொரு சுருளையும் பார்த்துவிட்டு வைப்பவள் நான், அன்று பார்க்கவில்லை.

வெளிப் பெஞ்சில் இருந்த தம்பி மனைவியிடம் அதிகாரிதான் சொன்னார். அவள் அழவில்லை. என்னைப் பார்த்து, "கூடப்பிறந்தவ, நீங்க கைபிடிச்சு நின்னுமா அக்கா இப்படி வந்துச்சு?" என்று கேட்டாள். அன்று மதியமே கிடங்கு வண்டி வந்து, கால் கட்டைவிரலில் ஆயிரத்து நூற்று எண்பத்து மூன்று என்ற அட்டையைக் கட்டி எடுத்துப் போனது.

அதன் பிறகு எட்டு நாள் நான் வழக்கம்போல வேலைக்குப் போனேன். என் நாட்களில் பூஜ்யம் பிடித்தேன். மெதுவா அண்ணன் ஆறுதல் சொன்னபோது சரி சரி என்று கேட்டுக்கொண்டேன். இதைச் சொல்லத்தான் எனக்கு அதிக வெட்கமாக இருக்கிறது, கை மாற்றி வைத்ததைவிட.

நேற்று வியாழக்கிழமை மாலை நான்கு மணிக்கு, அலுவலக அடையாள அட்டையைக் காட்டிக் கிடங்குக்குள் போனேன். நீளமான தகரக் கொட்டகை. உடைந்த நாற்காலிகள், அலமாரிகள், யாரும் கேட்டு வராத சைக்கிள்கள், எல்லாவற்றிலும் அட்டை. என் தம்பியைத் தரையில் போட்டிருப்பார்கள் என்று நினைத்துப் போனேன். ஒரு பெரிய சாப்பாட்டு மேஜையின்மேல் இரண்டு மெத்தை விரித்துப் படுக்க வைத்திருந்தார்கள். தலைமாட்டில் மேஜை மின்விசிறி ஓடிக்கொண்டிருந்தது. கிடங்குக்காரர் கனத்த உடம்புக்காரர், அறுபது இருக்கும். மின்விசிறியைப் பார்த்தேன் என்று தெரிந்ததும் அவராகவே பேசினார்.

"பொருளுக்கு எதுக்குய்யா விசிறின்னு யாராச்சும் கேட்டா, எனக்குப் புழுங்குதுன்னு சொல்லிக்குவேன்" என்றார்.

கிடங்கில் உள்ள சாமான்களைத் துடைக்கவும் எண்ணெய் போடவும் வெளியாட்களை விட அனுமதி உண்டாம். அந்தப் பதிவேட்டில்தான் தம்பி மனைவி தினமும் மூன்று வேளை கையெழுத்துப் போட்டு உள்ளே வந்து, குழாய் வழியாக ஆகாரம் கொடுத்து, உடம்பு துடைத்து, இரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை புரட்டிப் படுக்க வைக்கக் கிடங்குக்காரருக்குச் சொல்லிக் கொடுத்துவிட்டுப் போகிறாள். பதிவேட்டைப் பார்த்தேன். எண் 1183, துடைத்தல், எண்ணெயிடுதல் என்று எட்டு நாளாக எழுதியிருந்தது. முதுகில் ஒரு புண்கூட வரவில்லை என்று கிடங்குக்காரர் பெருமையாகச் சொன்னார். அதன் பிறகு குரலைத் தாழ்த்தி, அடுத்த வியாழக்கிழமை லாரி வரும், அதைத் தன்னால் நிறுத்த முடியாது, டயரில் காற்றை இறக்கி வைத்தால் ஒரு நாள் தள்ளிப்போகும், அவ்வளவுதான் என்றார். யாரோ எவரோ, அவருக்கு என் தம்பி ஒன்றும் வேண்டியவன் இல்லை. என்னால் அங்கே நிற்க முடியவில்லை.

அப்போது மாலை வேளைக்குத் தம்பி மனைவி உள்ளே வந்தாள். எட்டு நாளாக அவள் என்னோடு பேசவில்லை, மாடிப்படியில் எதிர்ப்பட்டால் சுவரோடு ஒதுங்கிப் போவாள். நான் அவளிடம் நடந்ததை எல்லாம் ஒன்றுவிடாமல் சொன்னேன். அவள் ஆகாரம் ஊற்றிக்கொண்டே கேட்டாள், கை நிற்கவில்லை. ஊற்றி முடித்து, குழாயைக் கழுவி, அதன் பிறகுதான் பேசினாள்.

"இங்க சொல்லி என்ன பிரயோஜனம்? சொல்ற இடத்துல போய்ச் சொல்லுங்க" என்றாள்.

கிடங்கிலிருந்து நேராக இந்த நிலையத்துக்கு வந்தேன். யாரும் என்னை மிரட்டவில்லை, அடிக்கவில்லை. இரவு முழுவதும் பெண் காவலர் இருந்த அறையில் உட்கார வைத்தார்கள்.

இன்று காலை எட்டரைக்கு இன்ஸ்பெக்டர் என்னை அலுவலகத்துக்கு அழைத்துப் போனார். நான் சொல்வது உண்மையா, தம்பியை மீட்பதற்காகக் கட்டிய கதையா என்று பார்க்க வேண்டும் என்றார், அது நியாயம்தான். வகைப்பாட்டு அதிகாரி முன்னிலையில் முதலில் மெதுவா அண்ணன் பூஜ்யம் பிடித்தார். நான் இடது கையை வைத்தேன், ஆள் என்று வந்தது. அதன் பிறகு நான் பூஜ்யம் பிடித்து அதே கையை வைத்தேன், பொருள், சைபர். இன்ஸ்பெக்டர் நம்பாமல் மறுபடி வைக்கச் சொன்னார், மறுபடியும் சைபர். பிறகு அவர் தன் கையையும் வைத்துப் பார்த்துக்கொண்டார். ஆள் என்று வந்ததும் ஒரு பெருமூச்சு விட்டார்.

அதன் பிறகு கோப்பிலிருந்து புதன்கிழமைச் சுருளை எடுத்து மேஜையில் விரித்தார்கள். முப்பது நொடிக் கோடு. அது என்ன சொல்கிறது என்று இன்ஸ்பெக்டர் என்னையே படிக்கச் சொன்னார். ஐந்தாவது நொடியிலிருந்து கடைசிவரை கோடு அடியோடு படுத்திருந்தது, அது என் கை. அதற்கு முன்னால் நான்கு நொடி ஒரு கோடு மேலே ஏறியிருந்தது. விலங்குக்கும் ஆளுக்கும் நடுவில் உள்ள கோட்டை இரண்டாவது நொடியிலேயே தாண்டி, நான்காவது நொடியில் இன்னும் ஏறிக்கொண்டிருந்தது. அந்த நேரம் தட்டின்மேல் என் கை இல்லை, அவன் விரலைப் பிரித்துக்கொண்டிருந்தது. பதினோரு வருடத்தில் எத்தனையோ ஆயிரம் சுருள் பார்த்திருக்கிறேன். அந்த நான்கு நொடி ஆள். விலங்கும் இல்லை, செடியும் இல்லை, சந்தேகமும் இல்லை. நான் அவன் கையைத் தள்ளாமல் சும்மா நின்றிருந்தாலே போதுமாக இருந்திருக்கும். மெதுவா அண்ணனும் குனிந்து பார்த்தார். என் தோளைத் தொட்டுவிட்டுப் போய் உட்கார்ந்தார்.

நான்கு நொடி சட்டத்துக்குப் போதாது என்று அதிகாரி சொன்னார். கடைசி இருபது நொடிதான் கணக்கு. ஆனால் இந்த வாக்குமூலம் பதிவானால் புதன்கிழமைப் பரிசோதனை செல்லாது, வரும் திங்கள்கிழமை மெதுவா அண்ணன் நிற்க மறுபரிசோதனை வைக்கலாம் என்று ஒப்புக்கொண்டார். எனக்கு என்ன தண்டனை கிடைக்கும் என்று இன்ஸ்பெக்டர் சொன்னார், கேட்டுக்கொண்டேன். தண்டனையைக் குறைக்கச் சொல்லி எதுவும் கேட்கவில்லை. கேட்பது மூன்று. திங்கள்கிழமை தம்பி கையைத் தட்டில் வைக்கும் முன் வெந்நீர் ஒத்தடம் கொடுக்க வேண்டும், குளிர்ந்த கையில் முள் மந்தமாக ஏறும். கிடங்குக்காரரின் மின்விசிறி பற்றி இதில் எழுதியிருப்பதை வைத்து அவர்மேல் நடவடிக்கை எடுக்கக்கூடாது. மூன்றாவது, தம்பியின் விரல் யார் விரலையாவது பிடித்துக்கொண்டால் அதைப் பிரிக்க வேண்டாம், முப்பது நொடியும் அப்படியே இருக்கட்டும்.

நான் சொன்னதை எழுத்தர் முழுவதும் வாசித்துக் காட்டினார். கூட்டியோ குறைத்தோ எதுவும் இல்லை, யார் தூண்டுதலும் இல்லை, எல்லாம் நடந்தது நடந்தபடி. ஒரே ஒரு திருத்தம் சொன்னேன். வழக்கின் தலைப்பில் அவர், பொருள் எண் 1183 சம்பந்தமாக என்று எழுதியிருந்தார். திங்கள்கிழமைவரை ஆவணப்படி அது அப்படித்தான், மாற்ற அதிகாரம் இல்லை என்றார். அப்படியானால் கையெழுத்துப் போட மாட்டேன் என்றேன். இன்ஸ்பெக்டர் பேனாவை வாங்கி, அந்த மூன்று சொல்லை அவரே அடித்து, மேலே என் தம்பி என்று எழுதச் சொல்லி என்னிடம் கொடுத்தார். நான் எழுதினேன். பக்கத்தில் அவர் சுருக்கொப்பம் இட்டார். அதன் பிறகு கீழே கையெழுத்துப் போட்டேன்.

(ஒப்பம்) முள்ளக்கா
என் முன்னிலையில்: காவல் ஆய்வாளர்
எழுதியவர்: நிலைய எழுத்தர்